அளவுகோலை முதலில் காட்டுங்கள்



இந்த மாதப் படிப்பு வட்டத்துக்கு எடுத்துக்கொண்ட தலைப்பு, வேலையிடத்தில் நடக்கும் ஆண்டு மதிப்பீடும் பதவி உயர்வும். நம்மில் பலர் இப்போதுதான் வேலைக்குச் சேர்ந்திருக்கிறோம். என்னைப் போல் சிலர் பல்கலைக்கழகம் முடித்துச் சேரப் போகிறோம். பாசிர் கூடாங், சினாய், தெப்ராவ் பக்கத் தொழிற்சாலைகளில் வேலை செய்கிறவர்களும், விடியற்காலையில் பாலம் தாண்டி சிங்கப்பூருக்குப் போகிறவர்களும் நம் ஜொகூர் கிளைகளில் நிறைய. வருடக் கடைசி வந்தால் எல்லார் வாயிலும் ஒரே பேச்சுதான்: யாருக்கு எவ்வளவு இன்கிரிமென்ட், யாருக்கு புரோமோஷன், யாருக்கு இல்லை.

இந்தப் பேச்சு நம் வீடுகளில் இரண்டு வாக்கியங்களில் முடிந்துவிடும். ஒன்று, "நமக்கெல்லாம் எங்க கொடுக்கப் போறாங்க." இன்னொன்று, "நீ பாட்டுக்கு வேலையைச் செய், பலன் தானா வரும்." முதலாவதைச் சொல்பவர் கேட்டுக் கேட்டு அலுத்துப் போனவர். இரண்டாவதைச் சொல்பவர் கேட்பதே தப்பு என்று நினைப்பவர். ரெண்டு பேரும் கடைசியில் ஒரே இடத்தில்தான் வந்து நிற்கிறார்கள்: யாரும் எதையும் கேட்பதில்லை.

இந்தப் பாடத்தில் நான் சொல்ல வருவது ஒரே விஷயம். மதிப்பெண் வந்த பிறகு மனக்கசப்போடு கேட்டால் பாதி நேரம் ஒன்றும் நடக்காது. வேலையை அளப்பதற்கு முன்பே "எதை வைத்து அளக்கிறீர்கள்?" என்று கேட்க வேண்டும். நியாயம் அங்கேதான் ஆரம்பிக்கிறது.

1. மதிப்பீடு வேறு, பதவி உயர்வு வேறு

முதலில் இந்த இரண்டையும் பிரித்துக்கொள்வோம். மதிப்பீடு, அதாவது அப்ரைசல், பின்னால் பார்க்கிறது: போன வருடம் ஒப்புக்கொண்ட வேலையை எவ்வளவு செய்தோம்? பதவி உயர்வு முன்னால் பார்க்கிறது: அடுத்த வேலையை இவரால் செய்ய முடியுமா? நன்றாக வெல்டிங் செய்கிறவர் பத்து வெல்டர்களை மேய்க்கவும் தெரிந்தவர் என்று சொல்ல முடியாது. திருக்குறளிலும் ஆளை ஆராய்ந்து தெளிவதற்கு 51ஆம் அதிகாரம், தெளிந்த பின் ஏற்ற வேலையில் வைப்பதற்கு 52ஆம் அதிகாரம் என்று வள்ளுவர் தனித்தனியாகத்தான் வைத்திருக்கிறார்.

ஒரு கம்பெனியில் இது வழக்கமாக ஆறு படிகளில் நடக்கும். வருட ஆரம்பத்தில் இலக்கு வைப்பது, வருடம் முழுக்க வேலையைப் பதிவு செய்வது, மேலாளர் மதிப்பெண் போடுவது, எல்லாப் பிரிவு மேலாளர்களும் உட்கார்ந்து மதிப்பெண்களைச் சரிக்கட்டுவது, நிர்வாகம் முடிவெடுப்பது, கடைசியாக நமக்குத் தெரிவிப்பது. நம்மில் பெரும்பாலானவர்கள் கண்ணில் பார்ப்பது ஆறாவது படியை மட்டும்தான். நடுவில் என்ன நடந்தது என்று தெரியாதபோது, அந்த இடத்தை நம் சந்தேகமே நிரப்பிக்கொள்கிறது. முடிவு நியாயமாகவே இருந்தாலும் நம்ப முடிவதில்லை.

2. கருவியைச் சோதிக்காமல் அளக்கலாமா?

நான் பொறியியல் மாணவன். தொழிற்பயிற்சிக்கு ஒரு தொழிற்சாலைக்குப் போனபோது தரக்கட்டுப்பாட்டு அறையில் சொல்லிக்கொடுத்த முதல் பாடம், வெர்னியர் கேலிப்பரைக் கையில் எடுத்ததும் அதில் ஒட்டியிருக்கும் ஸ்டிக்கரைப் பார்ப்பது. அது எப்போது சரிபார்க்கப்பட்டது, எந்தத் தேதி வரை செல்லும் என்று அதில் இருக்கும். தேதி தாண்டியிருந்தால் அந்தக் கருவியால் அளந்தது செல்லாது.

இன்னொரு சோதனையும் உண்டு. ஒரே சாமான்களை மூன்று பேரிடம் கொடுத்துத் திரும்பத் திரும்ப அளக்கச் சொல்வார்கள். சாமானுக்குச் சாமான் வித்தியாசம் வந்தால் சரி. ஆளுக்கு ஆள் வித்தியாசம் வந்தால் அளக்கும் முறையில்தான் கோளாறு. வாகனத் தொழிலில் பின்பற்றும் பொதுவான வழிகாட்டிப்படி, அளவீட்டு முறையால் வரும் மாறுபாடு 10 விழுக்காட்டுக்குள் இருந்தால் நல்லது, 30 விழுக்காட்டைத் தாண்டினால் அந்த முறையை ஏற்கக் கூடாது.

ஒரு இரும்புத் துண்டுக்கு இவ்வளவு பார்க்கிறோம். அதே தொழிற்சாலையில் பல வருடம் லைனில் வேலை செய்த ஒரு அக்காவிடம், "உங்க அப்ரைசல் பாரத்தில் என்னென்ன கேட்டிருக்காங்க?" என்று ஒருநாள் கேட்டேன். "தெரியாது தம்பி, கையெழுத்துப் போடச் சொன்னாங்க, போட்டேன்" என்றார். அவருக்குப் போட்ட மதிப்பெண் குறைவா கூடவா என்பது எனக்குத் தெரியாது. ஆனால் அளவுகோலையே பார்க்காமல் கையெழுத்துப் போட்ட ஒருவருக்கு, சரியான மதிப்பெண் கிடைத்தாலும் அது சரி என்று எப்படித் தெரியும்?

3. தோட்டத்தில் இருந்து அரசாங்கம் வரை

"நமக்கெல்லாம் எங்க கொடுக்கப் போறாங்க" என்ற பேச்சு சும்மா வந்தது இல்லை. தோட்டக் காலத்தில் துரை, கிராணி, கங்காணி, தொழிலாளி என்று படி இருந்தது. கங்காணி தன் ஊர் ஆட்களைக் கூட்டி வந்தவர். எத்தனை பேர் வேலைக்கு இறங்குகிறார்களோ அதைப் பொறுத்து அவருக்குத் தலைக்காசு. ஆளை மதிப்பிடுகிறவருக்கே அந்த ஆளால் லாபம். தொழிலாளி யாரிடம் போய்க் கேட்பது? 1941இல் கிள்ளான் வட்டாரத் தோட்டங்களில் வேலைநிறுத்தம் வெடித்தபோது, சம்பளக் கோரிக்கையோடு, துரையின் முன்னால் சைக்கிளை விட்டு இறங்கும் கட்டாயம் நீங்க வேண்டும் என்பதும் ஒரு கோரிக்கையாக இருந்தது. அந்த இயக்கத்தில் முன்னின்ற ஆர்.எச். நாதன் கைது செய்யப்பட்டு இந்தியாவுக்கு நாடு கடத்தப்பட்டார். கேட்டவருக்கு நேர்ந்ததைப் பார்த்த தலைமுறை, பிள்ளைகளுக்கு "கேட்காதே" என்று சொன்னதில் ஆச்சரியம் இல்லை.

சுதந்திரத்துக்குப் பிறகு நிலைமை எழுத்தில் மாறியது. கூட்டரசு அரசியலமைப்பின் 136ஆவது பிரிவு, கூட்டரசுச் சேவையில் ஒரே தரத்தில் உள்ள எல்லா இனத்தவரையும் பாரபட்சமின்றி நடத்த வேண்டும் என்கிறது. ஆனால் பாரபட்சம் இல்லாமல் எப்படி அளப்பது? அதற்கு அரசாங்கமே பல முறை விடை தேடியிருக்கிறது.

1992இல் வந்த எஸ்.எஸ்.பி. என்ற புதிய சம்பளத் திட்டம், ஆண்டு மதிப்பீட்டு அறிக்கையோடு சம்பளத்தைக் கட்டியது. மதிப்பெண்ணைப் பொறுத்து ஒருவரின் சம்பளம் அப்படியே நிற்கலாம், கிடையாக நகரலாம், மேலே போகலாம், குறுக்காக ஏறலாம். உழைப்பவருக்குக் கூடுதல் என்பது நல்ல எண்ணம்தான். ஆனால் மேலே போகிற இடங்கள் கொஞ்சம், மதிப்பெண் போடுவது மேலதிகாரி. அவர் கண்ணுக்குப் பிடித்தவருக்குத்தான் கிடைக்கிறது என்று அரசு ஊழியர் சங்கங்கள் குறை சொல்லின.

2002 நவம்பரில் எஸ்.எஸ்.எம். வந்தது. அதோடு பி.தி.கே. என்ற திறன் தேர்வும் வந்தது. மேலே போக வேண்டுமென்றால் தேர்வில் தேற வேண்டும். தாளில் மதிப்பெண், அதனால் ஆள் பார்த்துப் போட முடியாது. ஆனால் அங்கேயும் குறை வந்தது. வார்டில் நோயாளியை நன்றாகப் பார்த்துக்கொள்கிற தாதி தேர்வில் தவறலாம். படித்து எழுதத் தெரிந்தவர் வேலையில் சுமாராக இருக்கலாம். 2011இல் பி.தி.கே. கைவிடப்பட்டது. அடுத்து வந்த எஸ்.பி.பி.ஏ. திட்டத்தில் உயர்பதவிக்காரர்களுக்கு அதிகம், அடிமட்டத்தினருக்குக் கொஞ்சம் என்று எதிர்ப்பு கிளம்பி, 2012 மார்ச்சில் ரத்தானது. இப்போது 2024 டிசம்பர் முதல் எஸ்.எஸ்.பி.ஏ. நடப்பில் இருக்கிறது.

இதில் நாம் படிக்க வேண்டியது என்ன? மேலதிகாரியின் கண்ணை மட்டும் நம்பியபோது ஆள் பார்த்தார்கள் என்ற குறை. தேர்வை மட்டும் நம்பியபோது வேலையைப் பார்க்கவில்லை என்ற குறை. எண்ணில் அளந்துவிட்டால் நியாயம் வந்துவிடாது. சரியான விஷயத்தை அளக்க வேண்டும், அதை முன்கூட்டியே சொல்ல வேண்டும், சந்தேகம் வந்தால் கேட்க ஒரு இடம் இருக்க வேண்டும். மூன்றும் வேண்டும். அரசாங்க மதிப்பீட்டில் ஒரு நல்ல பழக்கம் உண்டு: வருட ஆரம்பத்தில் ஊழியரும் அதிகாரியும் சேர்ந்து ஆண்டு வேலை இலக்கை எழுதுகிறார்கள், வருட நடுவில் அதைத் திரும்பப் பார்க்கிறார்கள், முதல் மதிப்பீட்டாளர், இரண்டாம் மதிப்பீட்டாளர் என்று இரண்டு பேர் மதிப்பெண் போடுகிறார்கள். ஒழுங்காகச் செய்தால் இது நல்ல முறை. கடைசி வாரத்தில் அவசரமாக எழுதி நிரப்பினால் வெறும் காகிதம்.

4. பெல் கர்வ் என்கிற வளைவு

தனியார் கம்பெனிகளுக்கு வருவோம். ஜெனரல் எலெக்ட்ரிக்கை 1981 முதல் 2001 வரை நடத்திய ஜேக் வெல்ச், ஊழியர்களை மேல் 20, நடு 70, கீழ் 10 விழுக்காடு என்று பிரிக்கும் முறையைப் பிரபலமாக்கினார். கீழே இருப்பவர் வெளியே போக வேண்டியதுதான். உலகம் முழுக்கப் பல நிறுவனங்கள் இதைப் பின்பற்றின. மைக்ரோசாஃப்ட் இதைப் போன்ற தரவரிசை முறையை 2013 நவம்பரில் கைவிட்டது.

ஏன் கைவிட்டார்கள்? கணக்குப் போட்டுப் பாருங்கள். பத்துப் பேர் உள்ள குழுவில் பத்துப் பேரும் இலக்கை எட்டினாலும் ஒருவரைக் கீழே போட்டே ஆக வேண்டும். பக்கத்துப் பிரிவில் பத்துப் பேரும் சுமார் என்றாலும் இரண்டு பேர் மேலே போவார்கள். புள்ளியியல் படித்தவர்களுக்குத் தெரியும், அந்த மணி வடிவ வளைவு பெரிய எண்ணிக்கைக்குப் பொருந்துவது. பத்துப் பேரை அதற்குள் திணித்தால் வளைவு அழகாக வரும், மனிதர்கள் நொந்துபோவார்கள். கூட வேலை செய்பவன் ஜெயித்தால் நான் தோற்பேன் என்று ஆனபின் யார் யாருக்குச் சொல்லிக்கொடுப்பார்கள்?

உங்கள் கம்பெனியில் இந்த முறை இருக்கலாம், இல்லாமலும் இருக்கலாம். இருந்தால் அதைத் தெரிந்து வைத்திருப்பது முக்கியம். "உன் வேலை நல்லாத்தான் இருந்தது, ஆனா கிரேடு இவ்வளவுதான்" என்று மேலாளர் சொன்னால், அவர் பொய் சொல்கிறார் என்று நினைக்க வேண்டியதில்லை. நான்காவது படியில் மதிப்பெண் குறைக்கப்பட்டிருக்கலாம்.

5. சட்டம் எவ்வளவு தூரம் துணைக்கு வரும்?

கொஞ்ச தூரம்தான் வரும். 1967ஆம் ஆண்டு தொழில் உறவுச் சட்டத்தின் 13(3)ஆவது பிரிவுப்படி, ஒரு தொழிலாளியைக் கீழ்த்தரத்திலிருந்து மேல்தரத்துக்கு உயர்த்துவதைத் தொழிற்சங்கம் தன் கூட்டு ஒப்பந்தக் கோரிக்கையில் சேர்க்க முடியாது. அது முதலாளியின் உரிமை என்பது சட்டத்தின் நிலை. வேலையை விட்டு நீக்கினால் 60 நாளுக்குள் தொழில் உறவுத் துறையில் முறையிடலாம். பதவி உயர்வு கிடைக்கவில்லை என்பதற்கு அப்படி ஒரு நேர்வழி இல்லை.

2023 ஜனவரி முதல் வேலைவாய்ப்புச் சட்டத்தில் 69எஃப் என்ற புதிய பிரிவு இருக்கிறது. வேலையில் பாகுபாடு தொடர்பான தகராறைத் தொழிலாளர் துறைத் தலைமை இயக்குநர் விசாரித்து உத்தரவு போடலாம். உத்தரவை மீறும் முதலாளிக்கு 50,000 வெள்ளி வரை அபராதம். சிங்கப்பூரில் 2025 ஜனவரியில் வேலையிட நியாயச் சட்டம் நாடாளுமன்றத்தில் நிறைவேறியது. இனம், சமயம், வயது, பாலினம் போன்ற காரணங்களால் ஆள் எடுப்பதில் மட்டுமின்றி மதிப்பீட்டிலும் பதவி உயர்விலும் பாகுபாடு காட்டக் கூடாது என்பது அதில் உண்டு. பாலம் தாண்டி வேலைக்குப் போகிறவர்கள் இதைப் படித்து வையுங்கள்.

ஆனால் எந்த நாட்டுச் சட்டமானாலும் விசாரிப்பவர் முதலில் கேட்பது, "விதி என்ன? உங்கள் வேலைக்கு என்ன ஆதாரம்?" என்பதுதான். இனம் பார்த்து ஒதுக்குவது நடக்கவே இல்லை என்று நான் சொல்லவில்லை. அளவுகோல் வெளியே தெரியாத இடத்தில் அதை நிரூபிக்கவும் முடியாது, மறுக்கவும் முடியாது. தெரிந்துவிட்டால் இரண்டு விஷயம் வெளிச்சத்துக்கு வரும்: அவர்கள் செய்த அநியாயம் இருந்தால் அதுவும், நம்மிடம் உள்ள குறை இருந்தால் அதுவும்.

6. உத்திரமேரூர் சுவர்

விதியை முன்கூட்டியே வெளியே வைப்பது வெளிநாட்டு மேனேஜ்மென்ட் புத்தகத்தில் இருந்து வந்த யோசனை என்று நினைக்காதீர்கள். காஞ்சிபுரம் மாவட்டம் உத்திரமேரூரில், வைகுண்டப் பெருமாள் கோயில் சுவரில், முதலாம் பராந்தக சோழன் காலத்து இரண்டு கல்வெட்டுகள் இருக்கின்றன. காலம் கி.பி. 919, 921. ஊர்ச்சபையின் வாரியங்களுக்கு ஆட்களை எப்படித் தேர்ந்தெடுப்பது என்ற விதிகள் அவை. ஊர் 30 குடும்புகளாகப் பிரிக்கப்பட்டிருந்தது. யாருக்குத் தகுதி, யாருக்கு இல்லை என்று வரிசையாகச் சொல்லப்பட்டிருக்கிறது. முன்பு வாரியத்தில் இருந்து கணக்குக் காட்டாதவருக்கு இடமில்லை, அவருடைய உறவினர்களுக்கும் இல்லை. கடந்த மூன்று ஆண்டுகளுக்குள் வாரியத்தில் இருந்தவர் மறுபடி வர முடியாது. குடத்தை எல்லார் முன்னும் தூக்கிக் காட்ட வேண்டும். உள்ளே என்ன இருக்கிறது என்று அறியாத ஒரு சிறுவன் ஓலையை எடுக்க, அதை ஐந்து விரலும் விரித்த உள்ளங்கையில் வாங்கி, எல்லாரும் கேட்கப் படிக்க வேண்டும்.

அந்த விரித்த கை எனக்கு ரொம்பப் பிடித்த விஷயம். கைக்குள் வேறு ஓலை ஒளித்து வைக்கவில்லை என்று சபைக்குத் தெரிய வேண்டும் அல்லவா? இரண்டே ஆண்டில் விதியைத் திருத்தி, திருத்தியதையும் சுவரிலேயே வெட்டினார்கள் என்பதும் கவனிக்க வேண்டியது.

உண்மையையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். அது பிராமணர் ஊர்ச்சபை. நிலமும் வேதக் கல்வியும் உள்ள ஆண்களுக்கு மட்டுமே அங்கே இடம். இன்றைய கண்ணால் பார்த்தால் அந்தத் தகுதிகள் நியாயம் இல்லை. குலுக்கல் போட்டுப் பதவி உயர்வு கொடுங்கள் என்றும் நான் சொல்லவில்லை. ஆனால் விதி சுவரில் இருந்ததால்தான் இன்றைக்கு நம்மால் அதை நல்லது, கெட்டது என்று பிரித்துப் பேச முடிகிறது. அலமாரியில் பூட்டி வைத்த விதியை அப்படிப் பேச முடியுமா?

7. "பலனை எதிர்பார்க்காதே" என்று சொல்லலாமா?

மேலாளரிடம் மதிப்பெண் பற்றிக் கேட்கப் போகிறேன் என்றால், வீட்டில் யாராவது கீதையை இழுப்பார்கள். இரண்டாம் அத்தியாயம் 47ஆம் சுலோகம் வேலை செய்கிறவனுடைய மனசுக்குச் சொன்னது. பலனை நினைத்து நடுங்காமல் செயலில் நில் என்பது அதன் பொருள். செயலற்றுக் கிடப்பதில் பற்று வைக்காதே என்றும் அதே சுலோகம் சொல்கிறது. தராசைக் கையில் வைத்திருப்பவர் அதை மறைத்துக்கொள்ளலாம் என்று அதில் எங்கேயும் இல்லை. நியாயமாக அளப்பது தராசு பிடிப்பவரின் கடமை. எப்படி அளக்கிறீர்கள் என்று மரியாதையாகக் கேட்பதும் ஒரு செயல்தான். கேட்டுவிட்டு, வருகிற பதிலால் மனசு உடையாமல் அடுத்த நாள் வேலையைச் சரியாகச் செய்வதுதான் நமக்கான பயிற்சி.

8. நாம் செய்ய வேண்டியவை

முதலாவது, வேலைக்குச் சேர்ந்த முதல் மாதத்திலேயே மதிப்பீட்டுப் பாரத்தைக் கேட்டு வாங்கிப் படியுங்கள். மொழி புரியவில்லை என்றால் தெரிந்தவரிடம் கேளுங்கள். "இந்த வருஷம் என் வேலையை எதை வைத்துப் பார்ப்பீங்க?" என்று மேலாளரிடம் கேட்டு, அவர் சொன்னதைச் சின்ன மின்னஞ்சலாக அவருக்கே அனுப்பிவிடுங்கள்.

இரண்டாவது, குறிப்பேடு. வாரத்துக்கு இரண்டு வரி போதும். "12 மார்ச்: மூன்றாவது லைனில் மெஷின் நின்றது, 40 நிமிடத்தில் சரி செய்தேன், லைன் லீடர் உடன் இருந்தார்." வருடக் கடைசியில் மேலாளருக்கு டிசம்பர் மாதம்தான் ஞாபகம் இருக்கும். மார்ச் மாதத்தை நாம்தான் ஞாபகப்படுத்த வேண்டும். நம்முடைய தவறுகளையும், அதற்குப் பிறகு என்ன மாற்றினோம் என்பதையும் அதிலேயே எழுதுங்கள்.

மூன்றாவது, கேட்கும் விதம். "அவனுக்குக் கொடுத்தீங்க, எனக்கு ஏன் இல்ல?" என்று கேட்டால் பேச்சு அவனைப் பற்றிப் போகும். "இந்தப் பதவிக்கு என்ன தகுதி பார்த்தீங்க? அதில் என்னிடம் குறைந்தது எது? அடுத்த முறைக்குள் நான் எதைக் காட்ட வேண்டும்?" இந்த மூன்று கேள்விக்கும் பதில் வந்தால் அது உங்களுக்கு லாபம். பதிலே வரவில்லை என்றால் அதுவும் ஒரு தகவல்தான், எச்.ஆரிடம் எழுத்தில் கேட்கவும், வேறு இடம் தேடவும் அது உதவும்.

நான்காவது, நாளைக்கு நாமே மேற்பார்வையாளர் ஆவோம். நம்ம ஊர்ப் பையன், நம்ம கோயில் ஆள் என்று ஓவர்டைமைக் கொடுத்தால் பழைய கங்காணிக்கும் நமக்கும் என்ன வித்தியாசம்? நமக்கு வேண்டியவரை மதிப்பிடும் நிலை வந்தால், இன்னொருவரையும் சேர்த்து மதிப்பிடச் சொல்லுங்கள். குறைந்த மதிப்பெண் போட்டால் காரணத்தையும் உதாரணத்தையும் முகத்துக்கு நேராகச் சொல்லுங்கள்.

ஐந்தாவது, நம் கிளையில் இருந்தே தொடங்குவோம். செயலவைக்கு ஆள் எடுப்பது, முகாமுக்குத் தலைவர் போடுவது, கல்வி உதவிக்குப் பெயர் கொடுப்பது எல்லாவற்றுக்கும் விதியை முன்கூட்டியே அறிவிப்புப் பலகையில் ஒட்டலாம். அதற்கு ஒரு வெள்ளிகூடச் செலவு ஆகாது. தனக்கு ஏன் பொறுப்பு கிடைக்கவில்லை என்று 15 வயதில் ஒரு பிள்ளை நம்மிடம் கேட்டு, மரியாதையான பதில் வாங்கிப் பழகட்டும். 25 வயதில் மேலாளர் அறையில் உட்காரும்போது அந்தப் பிள்ளைக்குக் குரல் நடுங்காது.

கலந்துரையாடலுக்கு

1. உங்கள் வேலையிட மதிப்பீட்டுப் பாரத்தில் எத்தனை அம்சங்கள் உள்ளன? பார்க்காமல் மூன்றைச் சொல்ல முடியுமா?

2. 1992 முறைக்கும் 2002 முறைக்கும் இருந்த குறைகளை ஒப்பிடுங்கள். உங்கள் பள்ளியிலோ கல்லூரியிலோ இப்படி ஒன்று நடந்ததுண்டா?

3. உத்திரமேரூர் விதிகளில் இன்றைக்கும் வைத்துக்கொள்ளக் கூடியவை எவை, விட வேண்டியவை எவை?

4. நம் கிளையின் அடுத்த செயலவைத் தேர்வுக்கான விதிகளை ஒரு பக்கத்தில் எழுதுங்கள். அடுத்த கூட்டத்துக்கு முன் பலகையில் ஒட்டுங்கள்.